தரவுத்தளச் சேவை நின்றுபோனால்

நாட்டின் பல பகுதிகளிலுமுள்ள கள அலுவலகங்களிலும் ஆய்வு நிலையங்களிலும் கல்லூரிகளிலும் இன்று ஒரு சிறு பெட்டியைக் காணலாம். மேசையின் ஓரத்திலோ அலமாரியின் மேல்தட்டிலோ அமர்ந்து, இரவும் பகலும் ஓய்வின்றி அது ஓடிக்கொண்டிருக்கும். அதற்குத் திரையும் இல்லை, விசைப்பலகையும் இல்லை. அலுவலகக் கணினிகள் யாவும் கம்பி வழியாக அதனுடன் இணைந்திருக்கும். வலையமைப்புச் சேமிப்புப் பெட்டி என்று பெயர் பெற்ற இக்கருவியில்தான் மழையளவு, நிலத்தடி நீர்மட்டம், மண் பரிசோதனை முடிவுகள், மாணவர் வருகைக் கணக்கு முதலியன பல்லாண்டுகளாகச் சேர்ந்து வருகின்றன.

ஒரு நாள் காலை ஊழியர் ஒருவர் முந்திய நாளின் மழையளவைப் பதிய முற்படுகிறார். 'தரவுத்தளத்துடன் தொடர்பு கொள்ள இயலவில்லை' என்னும் செய்தி திரையில் தோன்றுகிறது. பெட்டியின் விளக்குகளோ வழக்கம்போல் எரிகின்றன. அவர் பெட்டியை அணைத்து மீண்டும் இயக்குகிறார், பயனில்லை. மறுமுறையும் அணைக்கிறார். பின்னர் வட்டில் இடமில்லை என்று யாரோ சொல்லக் கேட்டு, தேவையற்றவையாகத் தோன்றும் சில கோப்புகளை அழிக்கிறார். பத்தாண்டுக் கணக்கு உண்மையில் ஆபத்துக்குள்ளாவது அந்தக் கணத்தில்தான்.

சேவை நிற்பதும் தரவு அழிவதும் ஒன்றல்ல. சேவை நின்றபோது தரவு பெரும்பாலும் நலமாகவே இருக்கிறது. நின்றதற்குப் பின்வரும் ஒரு மணி நேரத்தில், காரணம் அறியாமல் செய்யப்படும் சிகிச்சையே பல இடங்களில் அதனை அழிக்கிறது. ஆதலால் இப்பெட்டியைக் கையாளும் ஒவ்வொருவரும் அது ஏன் நிற்கிறது என்பதை ஓரளவேனும் அறிந்திருத்தல் நன்று.

பெட்டிக்குள் இருப்பவை

இப்பெட்டியைப் பல அடுக்குகள் கொண்ட கட்டடமாகக் கருதலாம். அடித்தளத்தில் வட்டுகள் உள்ளன. அவற்றின்மேல், கோப்புகளை ஒழுங்குபடுத்தி வைக்கும் கோப்பு முறைமை உள்ளது. அதற்கு மேல் இயக்க முறைமை. பெரும்பாலான பெட்டிகளில் இது லினக்ஸ் வகையைச் சேர்ந்தது. அதன்மேல் தரவுத்தளச் சேவை இயங்குகிறது. உச்சியில் இருப்பது ஊழியர் கண்ணால் காணும் பயன்பாட்டு நிரல்.

தரவுத்தளச் சேவைகளுள் பரவலாக வழங்குவது போஸ்ட்கிரெஸ்கியூஎல். சுருக்கமாகப் போஸ்ட்கிரெஸ் எனப்படும். கலிபோர்னியாப் பல்கலைக்கழகத்தின் பெர்க்லி வளாகத்தில், பேராசிரியர் மைக்கேல் ஸ்டோன்பிரேக்கர் தலைமையில் 1986-ஆம் ஆண்டில் தொடங்கிய ஆராய்ச்சியிலிருந்து வளர்ந்த இது, 1996-இல் இப்போதைய பெயரைப் பெற்றது. எவரும் கட்டணமின்றிப் பயன்படுத்தலாம். இக்கட்டுரையில் அதுவே உதாரணமாகக் கொள்ளப்படுகிறது. பிற சேவைகளில் கோப்புகளின் பெயர் மாறுமேயன்றி அடிப்படைத் தத்துவம் பெரிதும் மாறாது.

குறிப்பேடும் பேரேடும்

வணிகக் கணக்கியல் பயில்வோர் குறிப்பேடு, பேரேடு என்னும் இரண்டையும் நன்கறிவர். கடையில் கூட்டம் நெருக்கும்போது, ஒவ்வொருவருடைய பக்கத்தையும் பேரேட்டில் தேடி எழுதக் கணக்கருக்கு நேரமிராது. கொடுக்கல் வாங்கல்களை நடந்த வரிசையிலேயே குறிப்பேட்டில் எழுதிக்கொள்வார். ஓய்வு கிடைத்தபோது பேரேட்டில் ஏற்றுவார். ஏற்றும் வேளையில் விளக்கணைந்து பேரேடு அரைகுறையாக நின்றாலும் கவலையில்லை. குறிப்பேடு இருக்கும்வரையில், விட்ட இடத்திலிருந்து மீண்டும் ஏற்றிக் கணக்கை நேராக்கிவிடலாம்.

தரவுத்தளமும் இவ்வாறே செய்கிறது. போஸ்ட்கிரெஸின் பேரேடு 8 கிலோபைட் அளவுள்ள பக்கங்களால் ஆனது. அதன் குறிப்பேடு வழக்கமாக 16 மெகாபைட் அளவுள்ள துண்டுகளாக எழுதப்படுகிறது. எந்த மாற்றமாயினும் அது முதலில் குறிப்பேட்டில் எழுதப்பட்டு, வட்டில் உறுதியாகப் பதிந்த பிறகே, 'ஏற்றுக்கொள்ளப்பட்டது' என்னும் விடை பயனருக்குச் செல்லும். பேரேட்டுப் பக்கங்கள் பின்னர் மெல்ல எழுதப்படும். குறிப்பிட்ட இடைவெளிகளில், 'இதுவரை உள்ளவை யாவும் பேரேட்டில் ஏறிவிட்டன' என்று சேவை ஓர் எல்லைக்கல் நாட்டுகிறது. அந்த எல்லைக்கு முற்பட்ட குறிப்பேட்டுத் துண்டுகளை, வேறு எதற்கும் அவை தேவைப்படாவிடில், சேவை தானாகவே நீக்கிவிடும். அல்லது மீண்டும் பயன்படுத்திக்கொள்ளும்.

மின்சாரம் திடீரென நின்று மீண்டும் வரும்போது, சேவை கடைசி எல்லைக்கல்லிலிருந்து குறிப்பேட்டைப் படித்துப் பேரேட்டைச் சீர்ப்படுத்துகிறது. இதற்குச் சில வினாடிகளோ பல நிமிடங்களோ ஆகலாம். அவ்வேளையில் பொறுமையிழந்து பெட்டியை மறுபடியும் அணைத்தால், அதே வேலையை அது முதலிலிருந்து தொடங்க வேண்டியதாகும்.

இத்தகைய மீட்பு முறையை முழுமையான கோட்பாடாக வகுத்தவர்களுள் ஒருவர், சென்னை இந்தியத் தொழில்நுட்பக் கழகத்தில் பயின்ற சி. மோகன். ஐ.பி.எம். நிறுவனத்தில் அவரும் அவருடன் பணிபுரிந்தோரும் 1992-இல் வெளியிட்ட 'ஏரீஸ்' என்னும் முறை பல தரவுத்தளங்களுக்கு அடிப்படையாயிற்று. போஸ்ட்கிரெஸ் கையாளும் முறை அதனின்று சில கூறுகளில் வேறுபட்டதாயினும், முதலில் குறிப்பேடு, பிறகே பேரேடு என்னும் விதி இரண்டுக்கும் பொது.

நிற்பது ஒரு தற்காப்பு

குறிப்பேட்டில் எழுத இயலாத நிலையில் ஒரு சேவை என்ன செய்யலாம்? எழுதாமலே 'ஏற்றுக்கொண்டேன்' என்று கூறலாம், அது பொய்யாகும். அல்லது வேலையை நிறுத்திவிடலாம். போஸ்ட்கிரெஸ் இரண்டாவது வழியையே மேற்கொள்கிறது. குறிப்பேடு இருக்கும் வட்டு நிரம்பிவிடின், அது தன்னைத்தானே நிறுத்திக்கொள்ளக்கூடும்.

இவ்விஷயத்தில் அண்மைக் காலத்தில் கிடைத்த ஒரு படிப்பினை குறிப்பிடத்தக்கது. பக்கங்களை வட்டில் உறுதியாகப் பதியுமாறு சேவை இயக்க முறைமையைக் கேட்கிறது. முதல் முறை தவறினால் மறுமுறை கேட்டால் போதும் என்பது நெடுங்காலமாக நிலவிய நம்பிக்கை. ஆனால் லினக்ஸில், தவறிய பக்கங்கள் எழுதப்படாமலே கைவிடப்பட்டு, மறுமுறை கேட்கும்போது 'வெற்றி' என்னும் விடை வரக்கூடும் என்பது 2018-இல் வெளிப்பட்டது. அதன் பின்னர், 2019 பிப்ரவரியில் வெளியான திருத்தங்களில் இம்முறை மாற்றப்பட்டது. இப்பொழுது முதல் முறை தவறியவுடனேயே சேவை நின்று, குறிப்பேட்டிலிருந்து மீள முயல்கிறது.

ஆகவே, நின்றுபோன சேவையைப் பழுதான யந்திரமென்று உடனே முடிவு செய்தல் தவறு. மேலும் சென்றால் ஆபத்து என்று கண்டு வண்டியை நிறுத்திய ஓட்டுநருக்கு அதனை ஒப்பிடலாம். அவரை மீண்டும் ஓட்டச் சொல்லுமுன், ஏன் நிறுத்தினார் என்று கேட்பதே அறிவுடைமை.

முதற்படி: நின்றது எது?

பயனரின் திரையில் தோன்றும் செய்தி எல்லாக் காரணங்களுக்கும் ஏறக்குறைய ஒன்றாகவே இருக்கும். ஆதலின் அடுக்குகளை ஒவ்வொன்றாகச் சோதிக்க வேண்டும்.

பெட்டியின் பொதுக் கோப்புறை அலுவலகக் கணினியிலிருந்து திறக்கிறதா என்று முதலில் பார்க்கலாம். திறக்காவிடில் கம்பி, இணைப்புப் பெட்டி, வலையமைப்பு முகவரி ஆகியவற்றை ஆராய வேண்டும். தரவுத்தளத்தைத் தொடவேண்டிய தேவையே எழவில்லை. திறந்தால், அடுத்துத் தரவுத்தளச் சேவைக்குரிய வாயிலைச் சோதிக்க வேண்டும். போஸ்ட்கிரெஸுக்கு அது வழக்கமாக 5432 என்னும் எண்ணுள்ள போர்ட். 'இணைப்பு மறுக்கப்பட்டது' என்று உடனே விடை வந்தால், பெட்டியை அடைய முடிகிறது. ஆனால் அவ்வாயிலில் சேவை இல்லை என்பது பெரும்பாலும் பொருள். நெடுநேரம் விடையே வராவிடில், இடையிலுள்ள தடுப்புச் சுவரையோ முகவரியையோ ஐயுறலாம். 'இணைப்புகள் மிகுந்துவிட்டன' என்று வந்தால் சேவை உயிருடன்தான் இருக்கிறது. ஒரே நேரத்தில் அனுமதிக்கப்படும் இணைப்புகளின் எல்லை எட்டப்பட்டது. மாற்றாது விட்டால் இவ்வெல்லை 100.

இரண்டாம் படி: சேவை சொல்வதைப் படித்தல்

சேவை நிற்கும்போது அதற்கான காரணத்தைப் பெரும்பாலும் தன் நிகழ்வுப் பதிவில் எழுதிவிட்டே நிற்கும். ஊழியர்கள் 'லாக்' என்று அழைப்பது இதனைத்தான். மீண்டும் மீண்டும் இயக்கிப் பார்க்கும்போது புதிய வரிகள் பெருகி, முதற் காரணம் அவற்றினடியில் மறைந்துவிடுகிறது. ஆதலால் வேறெதையும் செய்யுமுன், இப்பதிவின் நகலொன்றைத் தனியே எடுத்து வைத்தல் வேண்டும்.

பதிவைப் படிக்கும்போது கடைசி வரியோடு நின்றுவிடலாகாது. சேவை சரியாக இயங்கிய கடைசி நேரத்தைக் கண்டு, அங்கிருந்து கீழ்நோக்கிப் படிப்பதே முறை. நேரத்திலும் ஒரு நுட்பம் உண்டு. சில பெட்டிகள் உலகப் பொது நேரத்தில் பதிவு எழுதுகின்றன. இந்திய நேரம் அதனினும் ஐந்தரை மணி முந்தியது. பதிவில் இரவு 8 மணி 45 நிமிடம் என்றிருப்பின், இங்கு அது மறுநாள் அதிகாலை 2 மணி 15 நிமிடமாகும். அந்நேரத்தில் மின்தடை நேர்ந்ததா, நகலெடுப்பு வேலை ஓடியதா என்பதை இரவுக் காவலரிடமிருந்தும் அறியலாம்.

இடமின்மையும் ஒரு பெயர்க் குழப்பமும்

இத்தகைய பெட்டிகளில் அடிக்கடி காணும் காரணம் வட்டு நிரம்பிப்போதலே. இதனை 'டிஎஃப்' என்னும் கட்டளையாலோ பெட்டியின் நிருவாகப் பக்கத்தாலோ அறியலாம். மூன்று நுட்பங்களை மனத்திற்கொள்ள வேண்டும். ஈஎக்ஸ்டி-4 வகைக் கோப்பு முறைமையில், மாற்றாது விட்டால், 5 சதவீத இடம் நிருவாகிக்கென ஒதுக்கப்படுகிறது. ஆகவே சிறிது இடம் மீந்திருப்பதாகத் தோன்றியும் சேவைக்கு அது கிட்டாமற்போகலாம். சிறு கோப்புகள் இலட்சக்கணக்கில் பெருகினால், இடமிருந்தும் புதுக்கோப்பு தொடங்க இயலாமற்போகலாம். அன்றியும், ஏதேனுமொரு நிரல் திறந்து வைத்திருக்கும் கோப்பை அழித்தாலும், அந்நிரல் அதனை விடும்வரையில் இடம் திரும்பாது.

இங்குதான் மிகப் பெரிய தவறு நேர்கிறது. போஸ்ட்கிரெஸின் குறிப்பேடு இருக்கும் கோப்புறைக்கு முற்காலத்தில் 'பிஜி எக்ஸ்லாக்' என்று பெயர். 'லாக்' என்னும் சொல்லைக் கண்டவர் பலர் அதனைப் பழைய நிகழ்வுப் பதிவென்று கருதி, இடம் பெறும்பொருட்டு அழித்துவிட்டனர். அவர்கள் அழித்தது பேரேட்டைச் சீர்ப்படுத்த வல்ல ஒரே குறிப்பேட்டை! பரிமாற்றங்களின் முடிவு நிலையைக் காக்கும் 'பிஜி சிலாக்' என்னும் கோப்புறைக்கும் இதே ஆபத்து இருந்தது. இக்குழப்பத்தை நீக்கவே 2017-இல் வெளியான 10-ஆம் பதிப்பில் முன்னதன் பெயர் 'பிஜி வால்' என்றும், பின்னதன் பெயர் 'பிஜி எக்ஸாக்ட்' என்றும் மாற்றப்பட்டன. ஒரு பெயரைத் திருத்துவதும் பாதுகாப்புச் சாதனம் ஆகலாம் என்பதற்கு இது நல்ல உதாரணம். பழைய பதிப்புகள் இன்னும் இயங்கும் பெட்டிகளில் பழைய பெயர்களே இருக்கும் என்பதை மறத்தலாகாது.

தரவுத்தளத்தின் கோப்புறைக்குள்ளிருந்து எந்தக் கோப்பையும் கையால் அழிக்கலாகாது என்பதே விதி. இடம் வேண்டின், அதற்கு வெளியே உள்ளவற்றை நாட வேண்டும். பழைய நகல்கள், நிழற்படங்கள், காணொளிகள் முதலியவற்றை வெளி வட்டுக்கு மாற்றி, அங்கு அவை திறக்கின்றன என்று உறுதி செய்தபின் இங்கு நீக்கலாம். சிறிது இடம் கிடைத்ததும் சேவை பெரும்பாலும் தானே மீண்டெழும்.

அதன்பின் குறிப்பேடு ஏன் வளர்ந்தது என்பதையும் காண வேண்டும். குறிப்பேட்டுத் துண்டுகளை வேறிடத்தில் சேமிக்கும்படி அமைத்திருந்து, அவ்விடம் இல்லாமற்போனால், அனுப்பப்படாத துண்டுகளைச் சேவை அழிக்காது. தரவின் படியைப் பெற்றுவந்த இரண்டாவது கணினி நீக்கப்பட்டும் அதற்குரிய ஒதுக்கீடு நீக்கப்படாவிடில், அக்கணினி என்றேனும் திரும்பி வருமென்று சேவை துண்டுகளைக் காத்துக்கொண்டே இருக்கும். அறுந்த இணைப்பைச் சீராக்கினாலோ பயனற்ற ஒதுக்கீட்டை நீக்கினாலோ, சேவையே குறிப்பேட்டைச் சுருக்கிக்கொள்ளும். 2020-இல் வெளியான 13-ஆம் பதிப்பு முதல் இவ்வொதுக்கீட்டுக்கு ஓர் உச்ச வரம்பு விதிக்கவும் வழியுண்டு.

பிற காரணங்கள்

ஒரே தரவை இரு சேவைகள் ஆளாதிருக்கும்பொருட்டு, இயங்கும் சேவை 'போஸ்ட்மாஸ்டர் பிஐடி' என்னும் பூட்டுக்கோப்பை வைக்கிறது. மின்தடைக்குப் பின் இது எஞ்சியிருந்தால் பெரும்பாலும் சேவையே அதன் பொய்ம்மையை உணர்ந்து நீக்கிவிடும். அரிதாக நீக்காதபோது, வேறு போஸ்ட்கிரெஸ் செயல் எதுவும் ஓடவில்லையென்று உறுதி செய்யாமல் அதனை எடுக்கலாகாது. இரு சேவைகள் ஒரே பேரேட்டில் எழுதினால் தரவு சிதையும்.

நகலெடுக்கும் வசதிக்காக எவரேனும் கோப்புறையை எல்லோருக்கும் திறந்துவிட்டால், சேவை தொடங்க மறுக்கும். உரிமையைச் சேவைக்குரிய கணக்குக்கே திருப்பி, அனுமதியைச் சுருக்கினால் போதும்.

பெட்டியின் மென்பொருளைப் புதுப்பித்தபின் சேவை நின்றால் பதிப்பு மாற்றத்தை ஐயுற வேண்டும். 13-ஆம் பதிப்பு எழுதிய பேரேட்டை 15-ஆம் பதிப்பு நேராகத் திறக்காது. இது சிதைவன்று, பழைய பதிப்பைக் கொண்டு தரவை வெளியே எடுத்துப் புதியதில் ஏற்றலாம், அல்லது அதற்கென உள்ள மாற்றுக் கருவியைப் பயன்படுத்தலாம்.

நினைவகம் போதாதபோது லினக்ஸ் ஏதேனுமொரு செயலை வலிந்து முடித்துவிடும். இதற்கான சான்று இயக்க முறைமையின் பதிவில் இருக்கும். பெட்டியில் உடன் ஓடும் பிற நிரல்களைக் குறைப்பதே பரிகாரம்.

வட்டே பழுதானால்

'படிக்க இயலவில்லை', 'பக்கம் பொருந்தவில்லை' என்னும் செய்திகள் வந்தால் நிலைமை கடுமையானது. 2013-இல் வெளியான 9.3-ஆம் பதிப்பு முதல், ஒவ்வொரு பக்கத்துக்கும் சரிபார்ப்பு எண் வைக்கும் வசதி போஸ்ட்கிரெஸில் உண்டு. அவ்வெண் பொருந்தாதபோது பக்கம் சிதைந்ததென்று அறியலாம்.

இந்நிலையில் சேவையை நிறுத்தி, குறிப்பேடு உள்ளிட்ட தரவுக் கோப்புறை முழுவதையும் அப்படியே வேறொரு வட்டுக்கு நகலெடுத்தல் வேண்டும். பழுது பார்க்கும் முயற்சிகள் யாவும் அந்நகலிலேயே நிகழ வேண்டும். 'பிஜி ரீசெட்வால்' என்னும் கருவி குறிப்பேட்டைப் புறக்கணித்துச் சேவையை எழுப்ப வல்லது. ஆனால் எழுந்த தரவு முன்பின் முரணின்றி இருக்குமென்று அது உறுதி கூறாது. வேறு வழியே இல்லாதபோது மட்டும் அதனைக் கையாண்டு, உடனே தரவை வெளியே எடுத்து, புதிய தரவுத்தளத்தில் ஏற்றிச் சோதிக்க வேண்டும். நல்ல காப்பு நகல் இருக்குமாயின் இக்கருவியை நாட வேண்டியதே இல்லை.

மீண்ட பின் செய்ய வேண்டியவை

சேவை எழுந்ததும் கடைசியாகப் பதிந்த வரிகளைக் காகிதக் குறிப்புடன் ஒப்பிடுதல் நன்று. பின்னர் முழு நகலொன்று எடுத்து, அதனைப் பெட்டிக்கு வெளியே வைக்க வேண்டும். பெட்டியில் இரண்டு வட்டுகள் ஒன்றையொன்று பின்பற்றி எழுதுவதால் நகல் தேவையில்லை என்று சிலர் எண்ணுகின்றனர். ஒரு வட்டு பழுதானால் மட்டுமே அவ்வமைப்பு காக்கும். தவறாக அழித்த கோப்பு இரண்டிலும் ஒருங்கே அழியும். மேலும், ஒருமுறையேனும் வேறு கணினியில் ஏற்றிப் பார்க்காத நகலை நகலென்று நம்புதல் கூடாது.

வட்டு எண்பது சதவீதம் நிரம்பியதும் எச்சரிக்கை வருமாறு அமைத்தல், மின்தடையைத் தாங்கும் மின்கலத் துணையைப் பெட்டியுடன் இணைத்தல், ஒரு கிகாபைட் அளவுள்ள வெறுங்கோப்பொன்றைத் தரவு இருக்கும் அதே கோப்பு முறைமையில், தரவுக் கோப்புறைக்கு வெளியே, கைம்முதலாக வைத்திருத்தல் ஆகியவை செலவு குறைந்த காவல்கள். இடம் முற்றிலும் தீர்ந்த நாளில் அவ்வெறுங்கோப்பை அழித்தால், ஆராய்ந்து செயல்பட அவகாசம் கிடைக்கும்.

வகுப்பறையில் ஒரு சோதனை

ஆசிரியர்கள் இத்தத்துவத்தைக் கணினியின்றியே விளக்கலாம். ஒரு மாணவர் குறிப்பேடும் மற்றொருவர் பேரேடும் வைத்துக்கொள்ள, ஏனையோர் வங்கியில் செய்வதுபோலப் பணம் செலுத்துவதாகவும் எடுப்பதாகவும் அறிவிக்கட்டும். இடையில் ஆசிரியர் கைதட்டியதும் எழுதுவோர் இருவரும் நிறுத்திவிட வேண்டும். அரைகுறையான பேரேட்டைக் குறிப்பேட்டின் துணையால் நேராக்குமாறு வகுப்பைக் கேட்க வேண்டும். அடுத்த முறை, கைதட்டியபின் குறிப்பேட்டின் கடைசிப் பக்கத்தைக் கிழித்துவிட்டு அதே வேலையைச் செய்யச் சொல்ல வேண்டும். யார் எவ்வளவு செலுத்தினார் என்று எழும் வாக்குவாதமே பாடமாகிவிடும்.

ஓராண்டின் மழையை மறுபடியும் அளக்க இயலாது. வட்டையும் பெட்டியையும் விலை கொடுத்து வாங்கலாம். கடந்த நாளின் அளவீட்டை எவ்விலைக்கும் வாங்க முடியாது. ஆதலின் சேவை நின்ற காலையில் ஊழியர் செய்ய வேண்டியவை நான்கே: எதையும் அழியாதிருத்தல், பதிவைப் படித்தல், நகலெடுத்தல், பிறகே பழுது பார்த்தல். இவ்வரிசையைக் காகிதத்தில் எழுதிப் பெட்டியின்மேல் ஒட்டி வைத்தால், அவசரத்தில் அது கைகொடுக்கும்.